காரணிப்படுத்திய விடை சரியா? பெருக்கிப் பார்த்து உறுதி செய்ய முழுமையான வழிகாட்டி

ஒரு பல்லுறுப்புக்கோவையைக் காரணிப்படுத்தி விடை எழுதியாயிற்று. அது சரியா என்று தெரிந்துகொள்ள விடைப் பக்கத்தைப் புரட்ட வேண்டியதில்லை. எழுதிய காரணிகளைத் திரும்பப் பெருக்கினால், தொடங்கிய கோவையே வர வேண்டும். வந்தால் சரி. ஓர் உறுப்பு மாறினாலும், ஒரு குறி மாறினாலும் தப்பு.

இவ்வளவுதானே என்று தோன்றும். ஆனால் புதிதாகப் படிப்பவர்கள் சரிபார்ப்பதைப் பக்கத்தில் இருந்து பார்த்தால், பெருக்கத் தெரியாமல் தடுமாறுபவர்கள் குறைவுதான். எதை எதோடு ஒப்பிடுவது, எந்த உறுப்பை விட்டுவிட்டோம், பொருந்தாவிட்டால் அடுத்து எங்கே தேடுவது, இந்த இடங்களில்தான் பெரும்பாலோர் மாட்டிக்கொள்கிறார்கள். சரியான விடையை அடித்துவிட்டுப் போகிறவர்களும் உண்டு. அதனால் வரிசையாகப் போவோம்.

இந்தக் கட்டுரை முழுவதும் மாறியை ‘ய’ என்று எழுதுகிறேன். உங்கள் நோட்டில் வேறு எழுத்து இருந்தால் அதையே வைத்துக்கொள்ளுங்கள், கணக்கு மாறாது.

1. தொடங்குமுன் தயார் செய்ய வேண்டியவை

முதலில், கேள்வியில் கொடுத்த கோவையை அப்படியே பார்த்து, தனியாக ஒரு வரியில் எழுதுங்கள். நீங்கள் செய்துவந்த கணக்கின் நடுவரி எதிலிருந்தும் எடுக்காதீர்கள். கேள்வியைப் பார்த்து எழுதும்போதே 7 என்பது 1 ஆகிவிட்டது என்று வையுங்கள். அல்லது முதல் வரியிலேயே ஒரு கழித்தல் குறி விழுந்துவிட்டது. நடுவரியோடு ஒப்பிட்டால் எல்லாம் அழகாகப் பொருந்தும், விடை மட்டும் தப்பாக இருக்கும். சரிபார்த்தல் எப்போதும் மூலக் கேள்வியோடுதான்.

அடுத்து, அந்தக் கோவையை அடுக்கு இறங்கும் வரிசையில் அமையுங்கள். 5ய − 6 − ய² என்று கலைந்து கிடந்தால் −ய² + 5ய − 6 என்று மாற்றி எழுதுங்கள். இடையில் ஏதாவது அடுக்கு இல்லாவிட்டால் அந்த இடத்தில் பூச்சியம் போடுங்கள்: ய³ − 8 என்பது ய³ + 0ய² + 0ய − 8. கடைசியில் உறுப்புக்கு உறுப்பு ஒப்பிடப்போகிறோம். இடம் காலியாக இருந்தால் அங்கே ஒப்பிட மறந்துபோகும்.

மூன்றாவது, காரணிப்படுத்திய கணக்கை ஒரு தாளால் மூடிவிடுங்கள். கண்ணில் காரணிகள் மட்டும் தெரிந்தால் போதும். நடு உறுப்பு −7ய வர வேண்டும் என்று முன்கூட்டியே தெரிந்திருந்தால், 8ய, −15ய இரண்டையும் எப்படிக் கூட்டினாலும் கை −7ய என்றே எழுதிவிடும். எதிர்பார்ப்பு இல்லாமல் பெருக்கினால்தான் அந்தப் பெருக்கலுக்கு மதிப்பு.

2. முதலில் ஓரங்கள்

முழுதாகப் பெருக்குமுன், சில நொடிகளில் முடியும் மூன்று சோதனைகள் இருக்கின்றன. தப்பான விடைகளில் ஒரு பகுதி இங்கேயே விழுந்துவிடும்.

படி (மாறியின் உயர்ந்த அடுக்கு): காரணிகளின் படிகளைக் கூட்டினால் மூலக் கோவையின் படி வர வேண்டும். முப்படிக் கோவைக்கு இரண்டு ஒருபடிக் காரணிகள் மட்டும் எழுதியிருந்தால் ஏதோ ஒன்று தொலைந்துவிட்டது.

முதல் கெழு: ஒவ்வொரு காரணியிலும் உயர்ந்த அடுக்கின் கெழுவை, அதாவது அதன் முன்னால் நிற்கும் எண்ணை, எடுத்துப் பெருக்குங்கள். அது மூலத்தின் முதல் கெழுவாக இருக்க வேண்டும்.

மாறிலி: ஒவ்வொரு காரணியின் மாறிலியையும் குறியோடு சேர்த்துப் பெருக்குங்கள். அது மூலத்தின் கடைசி எண்ணாக இருக்க வேண்டும்.

6ய² − 7ய − 20 என்ற கோவையை எடுத்துக்கொள்வோம். இதற்கு மூன்று பேர் மூன்று விடை எழுதியிருக்கிறார்கள் என்று வையுங்கள்:

(2ய − 5)(3ய + 4)
(2ய + 5)(3ய − 4)
(2ய + 4)(3ய − 5)

மூன்றிலும் 2 × 3 = 6. மூன்றிலும் மாறிலிகளின் பெருக்கல் −20. ஓரச் சோதனையில் மூன்றுமே தேறிவிட்டன. ஆனால் சரியான விடை ஒன்றுதான். இந்தச் சோதனை தப்பைப் பிடிக்கும், சரியை நிரூபிக்காது. ஓரங்கள் பொருந்தியதும் ‘சரி’ என்று டிக் போட்டுவிட்டு நகர்வதுதான் நான் அதிகம் பார்க்கும் பிழை.

மூன்றாவது விடையை மட்டும் பெருக்காமலேயே ஒதுக்கலாம். 2ய + 4 என்ற காரணியில் 2 பொதுவாக இருக்கிறது. அது உண்மையான காரணி என்றால் மூலக் கோவையின் எல்லாக் கெழுக்களும் 2 ஆல் வகுபட வேண்டும். 7 வகுபடாது. ஆகவே மூலத்தில் பொதுக் காரணி இல்லாதபோது, முழு எண் கெழுக்களோடு எழுதிய எந்த அடைப்புக்குள்ளும் பொதுக் காரணி இருக்கவே முடியாது. முயன்று பார்த்துக் காரணி தேடும்போதும் இது கைகொடுக்கும்; பாதி முயற்சிகளை எழுதுவதற்கு முன்பே விலக்கிவிடலாம்.

3. இரண்டு ஈருறுப்புகளைப் பெருக்குதல்

மேலே உள்ள முதல் விடையை எடுப்போம்: (2ய − 5)(3ய + 4).

முதல் அடைப்பின் ஒவ்வோர் உறுப்பும் இரண்டாம் அடைப்பின் ஒவ்வோர் உறுப்பையும் பெருக்க வேண்டும். இரண்டு இரண்டு உறுப்புகள் என்றால் நான்கு பெருக்கல்கள். நான்கையும் தனித்தனியாக எழுதுங்கள்:

2ய × 3ய = 6ய²
2ய × 4 = 8ய
−5 × 3ய = −15ய
−5 × 4 = −20

எழுதி முடித்த பிறகே ஒத்த உறுப்புகளைச் சேருங்கள்: 6ய² + (8ய − 15ய) − 20 = 6ய² − 7ய − 20. மூலத்தோடு பொருந்துகிறது.

நடு உறுப்புகளை மனத்திலேயே சேர்த்து ஒரே அடியாக −7ய என்று எழுதுவது பழகியவர்களுக்குச் சரி. சரிபார்க்கும்போது மட்டும் வேண்டாம். தப்பு வந்தால் எந்தப் பெருக்கலில் வந்தது என்று பார்க்க நான்கு வரிகள் வேண்டும். மனத்தில் செய்ததைத் திரும்பப் பார்க்க முடியாது.

இங்கே இரண்டு இடங்களில் கவனம் தேவை.

ஒன்று, குறி. உறுப்புக்கு முன்னால் இருக்கும் கழித்தல் குறி அந்த உறுப்பின் சொத்து. −5 என்று எடுக்க வேண்டிய இடத்தில் 5 ஐ எடுத்துப் பெருக்கிவிட்டு, குறியை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று நினைத்தால், மூன்றாவது வரியில் போட்ட குறி நான்காவது வரியில் மறந்துபோகும்.

இன்னொன்று, வர்க்கம். (3ய − 5)² என்ற விடையைச் சரிபார்க்கும்போது 9ய² − 25 என்றோ 9ய² + 25 என்றோ எழுதுபவர்கள் நிறைய. வர்க்கத்தைப் பார்த்தவுடன் (3ய − 5)(3ய − 5) என்று இரண்டு அடைப்பாகப் பிரித்து எழுதுங்கள். நான்கு பெருக்கல்களும் கண்ணுக்குத் தெரியும்: 9ய² − 15ய − 15ய + 25 = 9ய² − 30ய + 25. வர்க்க விரிவு போன்ற முற்றொருமை (எந்த எண்ணுக்கும் பொருந்தும் சூத்திரம்) மனப்பாடமாக இருந்தாலும், அதை வைத்துக் காரணிப்படுத்திய விடையை அதை வைத்தே சரிபார்க்காதீர்கள். முற்றொருமையைத் தப்பாக நினைவு வைத்திருந்தால் இரண்டு பக்கமும் அதே தப்பு வரும். விரித்துப் பெருக்கினால் அந்த ஆபத்து இல்லை.

4. வெளியே நிற்கும் பொதுக் காரணி

12ய³ − 27ய = 3ய(2ய − 3)(2ய + 3) என்று விடை வந்திருக்கிறது. இங்கே வரிசை முக்கியம். முதலில் அடைப்புகளைப் பெருக்குங்கள், பொதுக் காரணியைக் கடைசியில் பெருக்குங்கள்.

(2ய − 3)(2ய + 3) = 4ய² + 6ய − 6ய − 9 = 4ய² − 9
3ய × (4ய² − 9) = 12ய³ − 27ய

பொதுக் காரணியை முதலிலேயே உள்ளே கொண்டுபோனால் என்ன? ஏதாவது ஓர் அடைப்புக்குள் மட்டும் கொண்டுபோனால் தவறில்லை. ஆனால் புதியவர்கள் அதை இரண்டு அடைப்புக்குள்ளும் கொண்டுபோய்விடுகிறார்கள்: (6ய² − 9ய)(6ய² + 9ய). இப்போது 3ய இரண்டு முறை பெருக்கப்பட்டுவிட்டது. படியைப் பார்த்தாலே தெரியும். முப்படிக் கோவை நாற்படியாகிவிட்டது. பொதுக் காரணி வெறும் எண்ணாக இருந்தால் படி மாறாது, கெழுக்கள் மட்டும் ஊதிப்போகும். அப்போது கண்டுபிடிப்பது சிரமம். கடைசியில் பெருக்கினால் எண்களும் சின்னதாகவே இருக்கும், இந்தக் குழப்பத்துக்கும் இடமில்லை.

வெளியே நிற்கும் கழித்தல் குறியும் ஒரு பொதுக் காரணிதான். −ய² + 5ய − 6 என்பதற்கு (ய − 2)(ய − 3) என்று விடை எழுதியிருந்தால் அது தப்பு. பெருக்கினால் ய² − 5ய + 6 வரும். எல்லாக் குறிகளும் நேர்மாறு. சரியான விடை −(ய − 2)(ய − 3).

இந்தத் தப்பு எங்கிருந்து வருகிறது என்று புரிந்துகொண்டால் மறுபடி வராது. −ய² + 5ய − 6 = 0 என்ற சமன்பாட்டைத் தீர்க்கும்போது இரண்டு பக்கத்தையும் −1 ஆல் பெருக்கலாம்; வலப்பக்கம் பூச்சியம் பூச்சியமாகவே இருக்கும், மூலங்கள், அதாவது கோவையைப் பூச்சியமாக்கும் எண்கள், மாறாது. கோவையைக் காரணிப்படுத்தும்போது அந்த உரிமை இல்லை. அங்கே சமக்குறிக்கு மறுபக்கம் எதுவும் இல்லை. −1 ஆல் பெருக்கினால் கோவையே மாறிவிடும். பின்னத்தை நீக்க 2 ஆல் பெருக்குவதும் இதே கதை: வெளியே ½ என்று திரும்ப எழுதாவிட்டால் விடை இரண்டு மடங்காகிவிடும். மூலங்களைப் போட்டுப் பார்த்தால் இந்தப் பிழைகள் சிக்காது. 2, 3 இரண்டுக்கும் பூச்சியம் வந்துகொண்டே இருக்கும். திரும்பப் பெருக்கினால் உடனே சிக்கும்.

5. மூன்று காரணிகள்

மூன்று அடைப்புகளை ஒரே மூச்சில் பெருக்க வேண்டாம். இரண்டைப் பெருக்கி, ஒத்த உறுப்புகளைச் சேர்த்து, சுருக்கிய பிறகே மூன்றாவதைத் தொடுங்கள்.

2ய³ − 3ய² − 11ய + 6 = (ய + 2)(ய − 3)(2ய − 1) சரியா?

(ய + 2)(ய − 3) = ய² − 3ய + 2ய − 6 = ய² − ய − 6

இப்போது (ய² − ய − 6)(2ய − 1):

ய² × 2ய = 2ய³
ய² × (−1) = −ய²
−ய × 2ய = −2ய²
−ய × (−1) = ய
−6 × 2ய = −12ய
−6 × (−1) = 6

சேர்த்தால் 2ய³ − 3ய² − 11ய + 6. சரி.

எந்த இரண்டை முதலில் எடுப்பது? எதை எடுத்தாலும் முடிவு ஒன்றுதான். எளிதான ஜோடியை எடுங்கள்: முதல் கெழு 1 ஆக உள்ளவை, அல்லது (ய − 4)(ய + 4) மாதிரி நடு உறுப்பு அடிபட்டுப் போகிறவை.

சுருக்காமல் நான்கு உறுப்புகளோடு அடுத்த அடைப்புக்குப் போனால், ஆறுக்குப் பதில் எட்டுப் பெருக்கல் செய்ய வேண்டியிருக்கும். ஒவ்வொரு கூடுதல் பெருக்கலும் குறி தவற இன்னொரு வாய்ப்பு.

பெருக்கலை எழுதுமுன் எத்தனை வரிகள் வர வேண்டும் என்று எண்ணிக்கொள்வதும் நல்ல பழக்கம். மூன்று உறுப்பும் இரண்டு உறுப்பும் பெருகினால் ஆறு வரிகள். ஐந்துதான் இருக்கிறது என்றால் கூட்டத் தொடங்காதீர்கள். விட்டுப்போனதை முதலில் தேடுங்கள்.

6. நீளமான காரணிகளுக்குக் கெழு வரிசை

இரண்டு மூவுறுப்புக் காரணிகள் என்றால் ஒன்பது பெருக்கல்கள். ஒவ்வொன்றிலும் மாறியையும் அடுக்கையும் எழுதிக்கொண்டிருந்தால் கண் சலித்துவிடும். கெழுக்களை மட்டும் எழுதி, எண்களைப் பெருக்குவது போல அடுக்கலாம்.

ய⁴ + 4 = (ய² + 2ய + 2)(ய² − 2ய + 2) என்ற விடையைச் சோதிப்போம். பார்த்தால் நம்பிக்கை வராத விடை. இரண்டு பக்கமும் நடு உறுப்புகள் இருக்க, மூலத்தில் நடுவே ஒன்றுமே இல்லை.

முதல் காரணியின் கெழுக்கள் 1, 2, 2. இரண்டாவதன் கெழுக்கள் 1, −2, 2. இரண்டாவதன் ஒவ்வொரு கெழுவாலும் முதல் வரிசையைப் பெருக்கி, ஒவ்வொரு முறையும் ஓர் இடம் வலப்பக்கம் தள்ளி எழுதுங்கள். வெற்றிடத்தில் பூச்சியம் போட்டுவிட்டால் பத்திகள் பிசகாது:

1 ஆல் பெருக்க: 1, 2, 2, 0, 0
−2 ஆல் பெருக்க: 0, −2, −4, −4, 0
2 ஆல் பெருக்க: 0, 0, 2, 4, 4
பத்தி பத்தியாகக் கூட்ட: 1, 0, 0, 0, 4

அதாவது ய⁴ + 0ய³ + 0ய² + 0ய + 4. விடை சரி.

இந்த முறையில் ஒரே ஒரு கண்ணி இருக்கிறது: விடுபட்ட அடுக்கு. ய² + 4 என்ற காரணியின் கெழுக்கள் 1, 4 அல்ல. 1, 0, 4. பூச்சியத்தை விட்டால் அது ய + 4 ஆகிவிடும், அதற்குப் பின் வரும் எல்லா இடமும் பிசகும். தொடக்கத்திலேயே பூச்சியம் போடச் சொன்னது மூலக் கோவைக்கு மட்டுமல்ல, காரணிகளுக்கும்தான்.

7. எண்ணைப் பதிலிட்டுப் பார்ப்பது எவ்வளவு தூரம் உதவும்

மாறிக்கு ஓர் எண்ணைப் போட்டு, மூலத்தின் மதிப்பும் காரணிகளின் பெருக்கலும் ஒன்றா என்று பார்ப்பது வேகமான வழி. ய = 1 போட்டால் இன்னும் எளிது; மூலத்தில் கெழுக்களைக் கூட்டினாலே போதும்.

6ய² − 7ய − 20 க்கு ய = 1 என்றால் 6 − 7 − 20 = −21. முதல் விடை (2 − 5)(3 + 4) = −3 × 7 = −21, பொருந்துகிறது. இரண்டாவது விடை 7 × (−1) = −7, பொருந்தவில்லை.

இருபடிக் கோவைக்கு இதில் ஒரு வசதி உண்டு. முதல் கெழு, மாறிலி, ய = 1 இல் மதிப்பு ஆகிய மூன்றும் பொருந்திவிட்டால் விடை உறுதியாகச் சரி. மூன்று கெழுக்களில் இரண்டு பொருந்தி, மூன்றின் கூட்டுத்தொகையும் பொருந்தினால் மூன்றாவது பொருந்தியே ஆக வேண்டும். தேர்வில் நேரம் இல்லாதபோது இருபடிகளுக்கு இதுவே போதும்.

முப்படிக்கு இந்தத் தைரியம் கூடாது. ய³ + 2ய² − 5ய − 6 என்பதற்கு ஒருவர் (ய − 3)(ய² + ய + 2) என்று எழுதியிருக்கிறார் என்று வையுங்கள். முதல் கெழு 1, பொருந்துகிறது. மாறிலி −3 × 2 = −6, பொருந்துகிறது. ய = 1 என்றால் மூலம் 1 + 2 − 5 − 6 = −8; காரணிகள் −2 × 4 = −8. அதுவும் பொருந்துகிறது! ஆனால் பெருக்கினால் வருவது ய³ − 2ய² − ய − 6. இரண்டு நடுக் கெழுக்களும் தப்பு. ஒன்று 4 குறைந்து, இன்னொன்று 4 கூடியதால், கூட்டுத்தொகையில் தெரியாமல் மறைந்துவிட்டது. சரியான விடை (ய + 1)(ய − 2)(ய + 3).

எண்களை வைத்தே நிரூபிக்க வேண்டுமென்றால் படியைவிட ஒன்று அதிகமான வெவ்வேறு எண்களைப் போட வேண்டும்: முப்படிக்கு நான்கு, நாற்படிக்கு ஐந்து. அத்தனை இடத்திலும் பொருந்தினால் இரண்டு கோவைகளும் ஒன்றேதான். அவ்வளவு வேலைக்கு ஒரு முறை பெருக்கிவிடுவதே மேல்.

எந்த எண்ணைப் போடுகிறீர்கள் என்பதிலும் கவனம் வேண்டும். ஒரு காரணியைப் பூச்சியமாக்கும் எண்ணைப் போடவே கூடாது. ய³ − 8 = (ய − 2)(ய² + 4ய + 4) என்று ஒருவர் எழுதிவிட்டு, ய = 2 போட்டுச் சரிபார்க்கிறார். இடப்பக்கம் 8 − 8 = 0. வலப்பக்கம் 0 × 16 = 0. பொருந்திவிட்டதாக நினைக்கிறார். இரண்டாம் அடைப்புக்குள் எதை எழுதியிருந்தாலும் பூச்சியம்தான் வந்திருக்கும். அந்த அடைப்பு சோதிக்கப்படவே இல்லை. ய = 1 போட்டிருந்தால் −7 க்கு எதிரே −9 வந்து தப்பு தெரிந்திருக்கும். அங்கே இருக்க வேண்டியது ய² + 2ய + 4.

கெழுக்கள் எல்லாம் மிகை எண்களாகவும் 10 க்குக் குறைவாகவும் இருந்தால் ய = 10 போட்டுப் பாருங்கள், அழகாக இருக்கும். (ய + 2)(ய + 3) என்பது 12 × 13 = 156. இலக்கங்களைப் பிரித்தால் 1, 5, 6. அதாவது ய² + 5ய + 6. கழித்தல் குறி வந்தால் இலக்கங்கள் கலந்துவிடும், அப்போது இது வேண்டாம்.

8. பொருந்தவில்லை என்றால்

உடனே விடையை அடிக்காதீர்கள். தப்பு காரணியில் இருக்கலாம், சரிபார்த்த பெருக்கலிலும் இருக்கலாம். முதலில் பெருக்கலை இன்னொரு வழியில் செய்யுங்கள்: அடைப்புகளை இடம் மாற்றிப் பெருக்குங்கள், அல்லது கெழு வரிசையில் அடுக்குங்கள். அதே வழியில் திரும்பச் செய்தால் அதே தப்பு திரும்ப வரும். இரண்டு வழியிலும் ஒரே கோவை வந்து, அது மூலத்தோடு பொருந்தாவிட்டால்தான் காரணியில் குறை.

அப்புறம், எந்த உறுப்பு எப்படி மாறியிருக்கிறது என்று பாருங்கள். வித்தியாசமே பெரும்பாலும் இடத்தைக் காட்டிக்கொடுக்கும்.

நடு உறுப்பின் குறி மட்டும் மாறியிருந்தால், இரண்டு அடைப்பிலும் குறிகளை மாற்றிப் போடுங்கள். மேலே (2ய + 5)(3ய − 4) பெருக்கினால் 6ய² + 7ய − 20 வரும். 5 க்கும் 4 க்கும் குறிகளை மாற்றினால் தீர்ந்தது. எண்களைத் திரும்பத் தேட வேண்டியதே இல்லை. இது தெரியாமல் முழுக் கணக்கையும் முதலிலிருந்து தொடங்குபவர்களைப் பார்க்கும்போது, அந்த நேரம் வீணாவது வருத்தமாக இருக்கும்.

எல்லா உறுப்பும் ஒரே மடங்கு கூடியோ குறைந்தோ இருந்தால், பொதுக் காரணி ஒன்று தொலைந்திருக்கிறது அல்லது இரண்டு முறை சேர்ந்திருக்கிறது. எல்லாக் குறிகளும் நேர்மாறாக இருந்தால் தொலைந்தது −1.

ஓரங்கள் பொருந்தி, நடு உறுப்பின் எண்ணே வேறாக இருந்தால், ஜோடி தப்பு. இருபடியில் இதைச் சரிசெய்ய, முதல் கெழுவையும் மாறிலியையும் பெருக்கி, அந்த எண்ணை நடுக் கெழு வரும்படி பிரிக்க வேண்டும். 6 × (−20) = −120; பெருக்கினால் −120, கூட்டினால் −7 வரும் ஜோடி 8, −15. நான்கு வரிகளின் நடுவில் இருந்த இரண்டும் இவைதான்.

இல்லாத உறுப்பு ஒன்று முளைத்திருந்தால், முற்றொருமையைத் தப்பாகப் பயன்படுத்தியிருக்க வாய்ப்பு அதிகம். ய² + 9 = (ய + 3)(ய + 3) என்று எழுதிவிட்டுப் பெருக்கினால் 6ய கூடுதலாக நிற்கும். மெய்யெண் கெழுக்களோடு ய² + 9 ஐக் காரணிப்படுத்த முடியாது.

9. இரண்டு மாறிகள் இருந்தால்

முறை அதேதான்; கவனிக்க வேண்டியது ஒன்று கூடுகிறது. 2ய² + 5யவ − 12வ² = (2ய − 3வ)(ய + 4வ) என்பதைப் பெருக்கினால் 2ய² + 8யவ − 3வய − 12வ². யவ, வய இரண்டும் ஒத்த உறுப்புகள், சேர்த்தால் 5யவ. சரி.

ஒத்த உறுப்பாகத் தெரிய எழுத்துகளை எப்போதும் ஒரே வரிசையில் எழுதுங்கள். மூலத்தின் எல்லா உறுப்பும் ஒரே படியாக இருந்தால் (இங்கே எல்லாம் 2), ஒவ்வொரு காரணிக்குள்ளும் எல்லா உறுப்பும் ஒரே படியாகத்தான் இருக்க வேண்டும். (2ய − 3)(ய + 4வ) என்று ஒரு ‘வ’ விழுந்திருந்தால் பெருக்காமலேயே பிடித்துவிடலாம்.

10. விடைப் பக்கத்தில் வேறு மாதிரி இருந்தால்

6ய² − 7ய − 20 க்கு நீங்கள் (5 − 2ய)(−4 − 3ய) என்று எழுதியிருக்கிறீர்கள். விடைப் பக்கத்தில் (2ய − 5)(3ய + 4). பதறாமல் பெருக்குங்கள்: −20 − 15ய + 8ய + 6ய². வரிசைப்படுத்தினால் 6ய² − 7ய − 20. உங்கள் விடையும் சரிதான். இரண்டு அடைப்பிலும் குறிகள் எல்லாம் மாறியிருக்கின்றன. −1 இரண்டு முறை பெருகி 1 ஆகிவிட்டது. காரணிகளின் வரிசையோ இப்படிக் குறி மாறுவதோ பிழையாகாது. எழுதும்போது முதல் உறுப்பு மிகையாக இருக்கும்படி மாற்றிக்கொள்வது படிப்பவருக்கு வசதி, அவ்வளவே.

11. பொருந்தியது, ஆனால் முழுதாக முடிந்ததா?

ய⁴ − 16 = (ய² − 4)(ய² + 4). பெருக்கிப் பாருங்கள், சரியாக வரும். ஆனாலும் ‘முழுமையாகக் காரணிப்படுத்துக’ என்று கேட்டிருந்தால் இந்த விடை பாதியில் நிற்கிறது. ய² − 4 இன்னும் உடையும்: (ய − 2)(ய + 2)(ய² + 4). அதேபோல 4ய² − 16ய + 16 = (2ய − 4)² என்பதும் பெருக்கலில் தேறும். முடிந்த வடிவம் 4(ய − 2)².

காரணிகளின் பெருக்கல் மூலத்துக்குச் சமமா என்பதற்கு மட்டுமே திரும்பப் பெருக்குவது பதில் சொல்லும். இன்னும் உடைக்க முடியுமா என்பதை அது சொல்லாது. அதனால் பொருந்திய பிறகு ஒவ்வோர் அடைப்பையும் தனியாகப் பாருங்கள். உள்ளே பொது எண் இருக்கிறதா? இரண்டு வர்க்கங்களின் வித்தியாசமா? ஒருபடிக் காரணியில் பொது எண் இல்லையென்றால் அதை விட்டுவிடலாம்.

இருபடிக் காரணிக்குத் தன்மைகாட்டியைப் போடுங்கள்: நடுக் கெழுவின் வர்க்கத்திலிருந்து, முதல் கெழு, மாறிலி, 4 மூன்றின் பெருக்கலைக் கழிக்க வேண்டும். கெழுக்கள் முழு எண்களாக இருந்து, இது முழு வர்க்க எண்ணாக வந்தால் முழு எண் கெழுக்களோடு இன்னும் உடையும். 6ய² − 7ய − 20 க்கு 49 + 480 = 529, அதாவது 23இன் வர்க்கம்; அதனால்தான் அது உடைந்தது. மிகை எண்ணாக இருந்தும் முழு வர்க்கம் இல்லை என்றால் வர்க்கமூலக் குறி இல்லாமல் உடைக்க முடியாது. குறை எண் வந்தால் மெய்யெண்களில் அதோடு நிறுத்திக்கொள்ளலாம்.

நாற்படிக் காரணிக்கு மூலம் இல்லை என்பதை வைத்து முடிவு கட்டாதீர்கள். ய⁴ + 4 க்கு மெய் மூலமே கிடையாது, ஆனாலும் 6ஆம் பகுதியில் பார்த்தபடி இரண்டாக உடைந்தது. அங்கே கிடைத்த ய² + 2ய + 2, ய² − 2ய + 2 இரண்டுக்கும் தன்மைகாட்டி 4 − 8 = −4. அவற்றுக்கு மேல் மெய்யெண்களில் உடைக்க ஒன்றுமில்லை.